ஸ்டிக்கர் வந்துவிட்டது, பிசுக்கு வரவில்லை

போன ஆவணியில் பெரியப்பாவுக்கு மணிவிழா. மண்டபமெல்லாம் வேண்டாம், சொந்த ஊரில் பழைய வீட்டில்தான் நடக்க வேண்டும் என்று அவர் ஒற்றைக் காலில் நின்றதால், காரைக்குடியிலிருந்து அரை மணி நேரத்தில் இருக்கும் எங்கள் ஊர் வீட்டைத் திறந்து, ஒட்டடை அடித்து, கழுவிவிட்டு, அலங்காரத்துக்கு ஆள் சொல்லி, எல்லாம் நல்லபடியாகவே முடிந்தது. வந்தவர்கள் ஆத்தங்குடி ஓடு பதித்த தரையில் நின்று போட்டோ எடுத்துக்கொண்டு போனார்கள். அலங்காரக்காரர்களும் விடிவதற்குள் அடுத்த விசேஷத்துக்குப் போய்ச் சேரவேண்டிய அவசரத்தில், முகப்பிலிருந்து வளவு (உள்முற்றத்தைச் சுற்றிய கூடம்) வரைக்கும் ஒயரை மூடி ஒட்டியிருந்த சாம்பல் நிறத் துணி டேப்பைப் படபடவென்று உரித்துச் சுருட்டிக்கொண்டு கிளம்பிவிட்டார்கள்.

முதல் நாள் எதுவும் தெரியவில்லை. வெறுங்காலோடு நடந்தால் மட்டும் ஓரிடத்தில் பாதம் 'சப்'பென்று பிடித்து விட்டது. பத்து நாளில் அந்த இடமெல்லாம் தூசியைப் பிடித்துப் பழுப்பாகி, ஆயுத பூஜை லீவுக்கு நான் போய்ப் பார்த்தபோது, பூப்போட்ட தரையில் யாரோ கரித்துண்டால் இரண்டு கோடு இழுத்துவிட்டது மாதிரி இருந்தது. போதாததற்கு, வீட்டைப் பார்த்துக்கொள்ளும் அக்கா நல்ல மனதோடு பாத்திரம் தேய்க்கும் கம்பி நாரை எடுத்து ஓரிடத்தில் அழுத்தித் தேய்த்திருக்கிறார். பசை கொஞ்சம் போயிருந்தது. அதோடு உள்ளங்கை அகலத்துக்கு ஓட்டின் பளபளப்பும் போயிருந்தது.

அந்த லீவில் நாலு நாள் நான் வேறு வேலை பார்க்கவில்லை. தரை, தூண், கண்ணாடி, சுவர், சீராக வந்த எவர்சில்வர் பாத்திரம் என்று எல்லாவற்றிலும் ஒட்டியிருந்ததை எடுத்தேன். எடுக்க எடுக்கத்தான் இதற்குப் பின்னால் இருக்கிற விஷயம் ரொம்பச் சின்னது என்று புரிந்தது. அது தெரிந்துவிட்டால் எதற்கு எண்ணெய், எதற்கு ஸ்பிரிட், எதில் கையே வைக்கக்கூடாது என்பதை நீங்களே கண்டுபிடித்துக்கொள்ளலாம், ஒவ்வொன்றுக்கும் வீடியோ தேட வேண்டாம்.

முதலில், பசை ஏன் ஒட்டுகிறது என்று பார்த்துவிடலாம். ஸ்டிக்கர், செல்லோ டேப், ஸ்டிக்கர் பொட்டு, துணி டேப் இதிலெல்லாம் இருப்பது காய்ந்து இறுகும் பசை கிடையாது. எப்போதும் பாதி குழைந்தே இருக்கிற ஒரு பொருள், அழுத்தினால் ஒட்டும், அவ்வளவுதான். ரப்பர் மாதிரியான நீண்ட நீண்ட மூலக்கூறுகளும், அதற்குப் பிசுபிசுப்பு கொடுக்க ஒரு வகைப் பிசினும் அதில் கலந்திருக்கும் (அக்ரிலிக் வகையில் பல சமயம் பிசின்கூடத் தேவைப்படாது). நீங்கள் விரலால் அழுத்தும்போது அது தேன் மாதிரி மெல்ல ஓடி, கண்ணுக்குத் தெரியாத மேடு பள்ளங்களுக்குள் இறங்கி உட்கார்ந்துகொள்கிறது. எந்த இரண்டு பொருளும் அவ்வளவு நெருக்கமாக வந்துவிட்டால் ஒன்றையொன்று கொஞ்சம் இழுக்கும். அந்தக் 'கொஞ்சம்' கோடிக்கணக்கான இடத்தில் நடந்தால் அது பெரிய பிடிமானம். நம் வீட்டு விட்டத்தில் தலைகீழாக ஓடுகிற பல்லி காலில் பசை எதுவும் தடவிக்கொள்வதில்லை, அதன் பாதத்தில் இருக்கிற நுண்மயிர்கள் சுவரை அவ்வளவு நெருங்கிப் போவதால்தான் அது விழாமல் ஓடுகிறது. டேப் செய்வதும் கிட்டத்தட்ட அதே வேலைதான், பல்லிக்கு விடத் தெரியும், டேப்புக்குத் தெரியாது.

உரிக்கும்போது என்ன நடக்கிறது? ஒரு டேப்பில் மூன்று பிடி இருக்கிறது. பசைக்கும் தரைக்கும் ஒரு பிடி, பசைக்கும் மேலே இருக்கும் துணிக்கும் ஒரு பிடி, பசை தனக்குள்ளேயே பிடித்துக்கொண்டிருப்பது இன்னொன்று. இழுத்தால் எது பலவீனமோ அங்கே அறும். புதிதாக ஒட்டிய நல்ல டேப்பில் தரையோடு இருக்கிற பிடிதான் பலவீனம், அதனால் சுத்தமாக வந்துவிடும். வெயில் பட்டு, நாலு நாள் கிடந்து, மேலே ஆள் நடந்து அழுத்தியும் விட்டால், பசை இளகித் தரைக்குள் நன்றாக இறங்கிவிடுகிறது. அப்புறம் இழுத்தால் துணி தனியாகக் கையோடு வரும், பசை தரையிலேயே தங்கிவிடும். மஞ்சள், ஊதா நிறத்தில் ஆபீஸில் ஒட்டி ஒட்டி எடுக்கிற குறிப்புத் தாள் இருக்கிறதே, அந்தப் பசையை அமெரிக்காவில் 3எம் கம்பெனியின் ஸ்பென்சர் சில்வர் 1968-இல் கண்டுபிடித்தபோது அதை வைத்து என்ன செய்வது என்றே அவர்களுக்குத் தெரியவில்லையாம், ஏனென்றால் அது சரியாக ஒட்டவில்லை. 1980-இல்தான் அமெரிக்கா முழுக்க விற்பனைக்கு வந்தது. 'சரியாக ஒட்டாத' பசைக்கும் ஒரு மதிப்பு இருக்கிறது என்பது என்னைப் போல் தரையில் மண்டியிட்டு நாலு நாள் சுரண்டியவனுக்கு நன்றாகவே புரியும்.

சரி, இதை எப்படி எடுப்பது? பலாப்பழம் வெட்டிய வீட்டில் எல்லாருக்கும் இதற்குப் பதில் தெரியும். ஆலங்குடி, வடகாடு பக்கமிருந்து பலாப்பழம் வந்து இறங்கும் சீசனில், அப்பத்தா பழத்தைத் தொடுவதற்கு முன்னால் கத்தியிலும் இரண்டு கையிலும் நல்லெண்ணெயைத் தடவிக்கொள்வார். தடவ மறந்து பால் ஒட்டிக்கொண்டால் தண்ணீரில் எவ்வளவு கழுவினாலும் போகாது. இரண்டு சொட்டு எண்ணெய் விட்டுத் தேய்த்தால் உருண்டு வந்துவிடும், அப்புறம் சீயக்காயோ சோப்போ போட்டால் எண்ணெயும் போய்விடும். பலாப்பாலில் இருக்கிற பிசினும் ரப்பர் தன்மையுள்ள பொருளும் தண்ணீரோடு சேராது, எண்ணெயோடு சேரும். டேப் பசையும் அதே சாதி.

இதுதான் அந்தச் சின்ன விஷயம். தன்னைப் போன்றதில்தான் எதுவும் கரையும். உப்பு தண்ணீரில் கரையும், எண்ணெயில் கரையாது. பசைப் பிசுக்கு எண்ணெயோடு கலக்கும், தண்ணீரைக் கண்டால் விலகி நிற்கும். அதனால்தான் ஈரத்துணியால் பத்து முறை துடைத்தாலும் அது அப்படியே இருக்கிறது. சோப்புத் தண்ணீரும் தனியாக இருந்தால் பெரிதாக ஒன்றும் செய்யாது, எண்ணெய் தன் வேலையை முடித்த பிறகு மிச்சத்தை வாரிக்கொண்டு போவதுதான் அதன் வேலை. இதில் ஒரு நுணுக்கம் உண்டு. தேங்காய் எண்ணெய் பசையை உப்பைப் போல முழுக்கக் கரைத்துவிடுவதில்லை. உள்ளே ஊறி, பசையை உப்ப வைத்து, தொளதொளவென்று ஆக்கி, ஓரம் வழியாக அடியில் நுழைந்து பிடியைத் தளர்த்துகிறது. சைக்கிள் ட்யூபில் எண்ணெய் பட்டு ஊதிப்போவதைச் சைக்கிள் கடையில் பார்த்திருப்பீர்கள், அதுவேதான். ஊறுவதற்கு நேரம் ஆகும். முக்கால்வாசிப் பேர் தோற்றுப் போவது இங்கேதான், எண்ணெயைத் தடவிவிட்டு அடுத்த நிமிடமே தேய்க்க ஆரம்பித்து, 'எண்ணெய் வேலை செய்யவில்லை' என்று கத்தியை எடுக்கிறார்கள்.

கடலை எண்ணெய், நல்லெண்ணெய், தேங்காய் எண்ணெய் எல்லாமே வேலை செய்யும், ஆனால் மெதுவாக. நீலகிரித் தைலம் வேகமாக வேலை செய்யும், ஏனென்றால் அதன் மூலக்கூறுகள் சமையல் எண்ணெயினுடையதைவிடச் சின்னவை, சட்டென்று பசைக்குள் புகுந்துவிடும். ஊட்டிக்குப் போனவர்கள் யாராவது வாங்கி வந்த பாட்டில் எல்லா வீட்டிலும் ஒன்று தூங்கிக்கொண்டுதான் இருக்கும், தேடிப் பாருங்கள். மண்ணெண்ணெய், டர்பன்டைன், ஹார்டுவேர் கடையில் கிடைக்கிற டபிள்யூடி-40 எல்லாம் இதே குடும்பம், இன்னும் வேகம், ஆனால் நாற்றமும் தீப்பிடிக்கிற பயமும் சேர்ந்தே வரும். தைலம் உட்பட இது எதையும் விளக்கு எரிகிற சாமி அறையிலோ அடுப்பு எரியும்போதோ தொடாதீர்கள்.

இன்னொரு குடும்பம் ஸ்பிரிட். மெடிக்கல் ஷாப்பில் கிடைக்கும் சர்ஜிக்கல் ஸ்பிரிட், கொரோனா காலத்தில் வாங்கி மிச்சமிருக்கும் சானிடைசர், இதெல்லாம் ஆல்கஹால். அக்ரிலிக் வகைப் பசைகளை, அதாவது இப்போது வரும் பெரும்பாலான லேபிள்களின் பசையை, இது நன்றாக இளக்கும், எண்ணெய்க் கறையும் விடாது. நகப்பூச்சு அழிக்கிற திரவத்தில் பெரும்பாலும் அசிட்டோன் இருக்கும், அதுதான் இந்த வீட்டு வைத்தியங்களிலேயே முரடு. பசையோடு சேர்த்து அடியில் இருக்கிற பெயின்ட்டையும் பிளாஸ்டிக்கையும் கரைத்துவிடும். என் தங்கை ஒரு முறை டிவி ரிமோட்டில் ஒட்டியிருந்த விலைச்சீட்டை அப்படித் துடைத்தாள், இன்றைக்கும் அந்த இடம் உருகிய மெழுகு மாதிரி மங்கலாக இருக்கிறது.

ஆகவே கேள்வி இரண்டு. பசை எதில் இளகும்? அடியில் இருப்பது எதில் கெடும்? இரண்டாவது கேள்விதான் முக்கியம் என்பது என் கருத்து, ஏனென்றால் பசை எப்படியும் ஒரு நாள் போய்விடும், கெட்டுப்போன தரை திரும்பாது.

இனி வீட்டுக்குள் போவோம். சுலபமானது எவர்சில்வர். சீர் சாமானில் வரும் ஒவ்வொரு பாத்திரத்தின் நெற்றியிலும் கடைக்காரர் ஒரு ஸ்டிக்கர் ஒட்டியிருப்பார், அதுவும் கண்ணுக்குத் தெரிகிற இடமாகப் பார்த்து. நகத்தால் சுரண்டினால் மேல்தாள் மட்டும் கிழிந்து வரும். இதற்கு எண்ணெயே தேவையில்லை, சூடு போதும். ஸ்டிக்கர் வெளியே இருந்தால் பாத்திரத்தின் உள்பக்கம் தீயில் படுகிற மாதிரி கேஸ் அடுப்புக்கு மேலே கவிழ்த்து, கையில் துணியோ இடுக்கியோ வைத்துப் பிடித்து, சிறு தீயில் சில விநாடிகள் காட்டுங்கள், பசை இளகியதும் ஓரத்தைக் கிள்ளி மெல்ல இழுத்தால் முழுசாக உரிந்து வரும். தாளில் நேரடியாகத் தீ படக்கூடாது. ரொம்ப நேரம் காட்டினால் எவர்சில்வரில் நீலமும் மஞ்சளுமாக நிறம் பாரித்துவிடும், அது பசையைவிடத் தொல்லை. டிஃபன் கேரியர் மாதிரி தீயில் காட்ட முடியாத உருப்படி என்றால் கொதிக்கும் தண்ணீரை உள்ளே ஊற்றி 5 நிமிடம் வைத்தால் அதே வேலை நடக்கும். நான்ஸ்டிக், பிளாஸ்டிக் கைப்பிடி உள்ளவற்றைத் தீயில் காட்ட வேண்டாம் என்று சொல்லத் தேவையில்லை, ஆனாலும் சொல்லிவிடுகிறேன், எங்கள் வீட்டில் ஒருவர் காட்டினார்.

கண்ணாடியும் சுலபம்தான். ஆனால் எங்கள் ஊர்ப் பக்கத்து வீடுகளில் இருப்பது அந்தக் காலத்தில் பெல்ஜியத்திலிருந்து கப்பலில் வந்த ஆளுயரக் கண்ணாடி, அதில் மூன்று தலைமுறைப் பெண்கள் தூங்கப் போகும் முன் எடுத்து ஒட்டிய பொட்டுகள். பொட்டை எடுத்தாலும் அந்த வட்டப் பசை அப்படியே நிற்கும், முகம் பார்த்தால் நம் நெற்றியில் அழுக்குப் பொட்டு வைத்தது போல இருக்கும். கண்ணாடியின் முன்பக்கம் வெறும் கண்ணாடி, எண்ணெயோ ஸ்பிரிட்டோ அதை ஒன்றும் செய்யாது. ஆபத்து ஓரத்தில் இருக்கிறது. பின்னால் பூசியிருக்கும் ரசப்பூச்சு பழசு, திரவம் சட்டத்தின் இடுக்கு வழியாகப் பின்னால் இறங்கினால் ரசம் கறுத்துப் புள்ளி புள்ளியாகிவிடும், அதைத் திரும்பக் கொண்டுவர முடியாது. அதனால் கண்ணாடியில் எதையும் நேரடியாக ஊற்றவோ தெளிக்கவோ கூடாது. பஞ்சில் சொட்டு ஸ்பிரிட் நனைத்து, பொட்டு இருந்த இடத்தில் மட்டும் அரை நிமிடம் வைத்து எடுத்தால் போதும்.

இப்போது தரை. ஆத்தங்குடி ஓட்டைப் பற்றிக் கொஞ்சம் சொன்னால்தான் ஏன் இவ்வளவு பயப்படுகிறேன் என்று புரியும். அது சூளையில் வைத்துச் சுட்ட ஓடு கிடையாது, சிமென்ட் ஓடு. ஒரு கண்ணாடித் தகட்டின் மேல் உலோகச் சட்டத்தை வைத்து, பூ அச்சை உள்ளே இறக்கி, ஒவ்வொரு கட்டத்திலும் நிறம் கலந்த சிமென்ட் கரைசலைக் கரண்டியால் ஊற்றுவார்கள். அச்சை மெல்லத் தூக்கிவிட்டு, மேலே காய்ந்த மணலும் சிமென்ட்டும் தூவி, அதற்கும் மேலே ஈரக்கலவை போட்டு மட்டம் செய்து, காயவிட்டு, அப்புறம் தண்ணீர்த் தொட்டியில் நாள்கணக்கில் ஊறப்போடுவார்கள். கடைசியில் கண்ணாடி கழன்று வரும். அந்த வழவழப்பு கண்ணாடியிடமிருந்து வாங்கிக்கொண்டது, மேலே எந்தப் பளபளப்புப் பூச்சும் கிடையாது. பாத்ரூம் டைல்ஸில் இருக்கிற மாதிரி கண்ணாடித்தோல் இதற்கு இல்லாததால், கம்பி நார் பட்டால் நேரடியாக நிறத்தையே கீறும். சிமென்ட்டுக்கு அமிலம் ஆகாது. இணையத்தில் எல்லாரும் வினிகர் போடு, எலுமிச்சை போடு என்கிறார்கள் இல்லையா, அது சிமென்ட் ஓட்டிலும் பளிங்கிலும் விழுந்தால் சுண்ணாம்புச் சத்தை அரித்து வெள்ளைத் திட்டாக்கிவிடும். பித்தளை விளக்குக்குப் புளி நல்லது, அதே புளித் தண்ணீர் தரையில் ஊற்றினால் போச்சு. பாத்ரூம் கழுவும் ஆசிட்டைப் பற்றிப் பேசவே வேண்டாம்.

எண்ணெய் இதற்கு விரோதி இல்லை. இந்த ஓட்டுக்குத் தேங்காய் எண்ணெய் தொட்டுத் துடைத்து மெருகேற்றுவது நம் பக்கத்தில் பழைய வழக்கம். இருந்தாலும் நான் முதலில் கதவுக்குப் பின்னால் ஒரு மூலையில் தடவி அரை மணி நேரம் பார்த்தேன், ஏனென்றால் வெள்ளை, வெளிர்மஞ்சள் கட்டங்கள் எண்ணெயைக் குடித்து நிறம் மங்கக்கூடும். எங்கள் தரை நூறு வருஷமாக எண்ணெய் குடித்துப் பழகியதோ என்னவோ, ஒன்றும் ஆகவில்லை. புதிதாகப் பதித்த ஓடாக இருந்தால் எண்ணெய்க்குப் பதில் ஸ்பிரிட்டில் தொடங்குவதே நல்லது.

நான் செய்தது இதுதான். பழைய வேட்டியைக் கிழித்து, டேப் கோட்டின் அகலத்துக்கு நாடா நாடாவாக எடுத்து, தேங்காய் எண்ணெயில் நாலு சொட்டு நீலகிரித் தைலம் கலந்து, நாடாவை அதில் நனைத்துப் பிழிந்து கோட்டின் மேலேயே படுக்க வைத்தேன். மேலே கடைப் பையை வெட்டி மூடினேன், இல்லாவிட்டால் தைலம் ஆவியாகிவிடும். அதைப் பார்த்துக்கொண்டே வந்த பெரியம்மா, "என்னப்பா இது, தரைக்குப் பத்துப் போட்டிருக்கியா?" என்றார். பத்தேதான். முக்கால் மணி நேரம் கழித்து நாடாவைத் தூக்கினால், கறுப்புக் கோடு அப்படியே இருக்கிறது. மனசு விட்டுப் போயிற்று. ஆனால் கட்டைவிரலால் ஓரத்தை லேசாகத் தள்ளியபோது, அது சப்பாத்தி மாவு உருளுகிற மாதிரி சுருண்டு முன்னால் நகர்ந்தது. காலாவதியான ஏடிஎம் கார்டைச் சாய்வாக வைத்துத் தள்ளத் தள்ள, கறுப்பும் சாம்பலுமாகப் புழு புழுவாக உருண்டு வந்தது. முதல் பத்தடி அப்படியே வந்துவிட்டது. வெயில் விழுகிற முற்றத்து ஓரம் மட்டும் கெட்டியாகக் காய்ந்துபோய் இருந்ததால் அங்கே இரண்டாம் முறை பத்துப் போட வேண்டியிருந்தது. கடைசியில் மிதமான சோப்புத் தண்ணீரால் இரண்டு முறை துடைத்து, காய்ந்த துணியால் ஒற்றி எடுத்தேன். இந்தக் கடைசி வேலையை மட்டும் சோம்பேறித்தனத்தில் விட்டுவிடாதீர்கள். தரையில் எண்ணெய் மிச்சமிருந்தால் வயதானவர்கள் வழுக்கி விழுவார்கள், தூசியும் திரும்ப வந்து ஒட்டும்.

தூணுக்கு இதே மருந்து கொடுக்கலாமா என்றால், பாதி கொடுக்கலாம். பர்மா தேக்குத் தூண், நிலை, கதவு இதிலெல்லாம் பழைய பாலிஷ் பெரும்பாலும் அரக்கை ஸ்பிரிட்டில் கரைத்துப் பூசியதாக இருக்கும். ஸ்பிரிட்டில் கரைந்து வந்தது ஸ்பிரிட் பட்டால் திரும்பவும் கரையும், இல்லையா? ஆகவே கண்ணாடிக்குக் கைகொடுக்கும் சானிடைசர், பாலிஷ் போட்ட கதவுக்கு எதிரி. அலங்காரத்துக்கு வந்த பையன்களில் ஒருவன் அவசரத்துக்கு அதைப் போட்டுத் துடைத்ததில் எங்கள் இரண்டாம்கட்டுக் கதவில் ஒரு கைக்குட்டை அளவுக்கு வெளிறிப்போயிருக்கிறது. மரத்தில் சூடு, எண்ணெய், பொறுமை மூன்றும் போதும். முடி உலர்த்தும் ஹேர் டிரையரை ஒரு சாண் தள்ளிப் பிடித்து, கையை வைத்தால் பொறுக்கிற அளவுக்குச் சூடு காட்டி, டபுள் சைடு டேப்பை மெல்ல மடக்கி உரிக்க வேண்டும். மிச்சத்துக்குச் சொட்டு நல்லெண்ணெய் தடவி, விரல் நுனியால் உருட்டினால் போதும். ஸ்பாஞ்ச் வைத்த தடித்த டேப்பாக இருந்தால் தூண்டில் நரம்பை இரண்டு கையிலும் சுற்றிக்கொண்டு, டேப்புக்கும் மரத்துக்கும் நடுவே ரம்பம் மாதிரி இழுத்து அறுத்துவிடலாம். பூக்கட்டும் நூல் பாதியில் அறுந்துவிடும், முயன்று பார்த்துவிட்டேன்.

சுவர் வேறு கதை. சுண்ணாம்பும் முட்டை வெள்ளைக்கருவும் கடுக்காய்த் தண்ணீரும் சேர்த்து இழைத்த பழைய பூச்சு, கையால் தடவினால் பட்டுப் போலக் குளிர்ச்சியாக இருக்கும், அதன் மேல் எண்ணெய் படவே கூடாது. சுண்ணாம்பு எண்ணெயைக் குடித்தால் கறை நிரந்தரம். இங்கே பசையைக் கரைக்கப் பார்க்காமல், உருட்டி எடுக்கப் பாருங்கள். பள்ளிக்கூடப் பையன்கள் வைத்திருக்கும் வெள்ளை ரப்பரால் ஒரே திசையில் மெதுவாகத் தேய்த்தால் பசை அதோடு உருண்டு வந்துவிடும். தெரியாமல் எண்ணெய் பட்டுவிட்டால் தேய்க்காமல் உடனே முகப் பவுடரை அப்பி, மறுநாள் வரை விட்டு, மென்மையான தூரிகையால் தட்டிவிடுங்கள், கொஞ்சமாவது உறிஞ்சும். சாதாரண எமல்ஷன் பெயின்ட் அடித்த சுவராக இருந்தால் வெதுவெதுப்பான சோப்புத் தண்ணீரைத் தொட்டுத் துடைக்கலாம், ஆனால் பசையோடு பெயின்ட்டும் சேர்ந்து வரலாம், அதற்குத் தயாராக இருங்கள்.

இதுவரை சொன்னது எல்லாம் அழுத்தினால் ஒட்டும் பசைக்கு. மற்றவற்றைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். ஃபெவிகால் மாதிரியான வெள்ளைப் பசை தண்ணீரில் கலந்து வருவது, அதை எண்ணெயில் ஊறவைத்தால் சிரிக்கும். வெந்நீர்த் துணி போட்டு ஊறவைத்தால் வெள்ளையாகக் குழைந்து வரும். ஃபெவிக்விக் காற்றிலும் பொருளின் மேலும் இருக்கிற ஈரத்தைப் பிடித்து நொடியில் இறுகிவிடும், அதற்கு அசிட்டோன்தான். விரலில் ஒட்டிக்கொண்டால் மட்டும் பிய்க்காமல் வெந்நீரில் சோப்புப் போட்டு ஊறவைத்து, மெல்ல உருட்டிப் பிரிக்க வேண்டும். கண்ணிலோ உதட்டிலோ பட்டால் வைத்தியமெல்லாம் வீட்டில் வேண்டாம், ஆஸ்பத்திரிக்குப் போங்கள். எம்சீல் களிமண் மாதிரி இருக்கிற இரண்டு கலவையைப் பிசைந்து போடுவது, அது உள்ளுக்குள் வலை மாதிரி பின்னிக்கொண்டுவிடும், எந்த எண்ணெய்க்கும் இறங்காது, செதுக்கித்தான் எடுக்க வேண்டும். துணியில் ஒட்டிய சூயிங் கம்முக்குச் சூடு காட்டாதீர்கள், இன்னும் உள்ளே இறங்கும். துணியை ஃப்ரீசரில் வைத்துக் கெட்டியாக்கி உடைத்து எடுங்கள். பட்டுப்புடவையில் ஸ்டிக்கர் ஒட்டியிருந்தால் வீட்டில் எதுவும் செய்யாமல் சலவைக்காரரிடம் கேளுங்கள், இந்த ஒன்றில் எனக்குத் துணிச்சல் கிடையாது.

காரைக்குடியில் முனீஸ்வரன் கோயில் தெருப் பக்கம் பழைய சாமான் கடைகளில் எனாமல் கிண்ணமோ மரப்பெட்டியோ வாங்கினால் அதிலும் விலைச்சீட்டு ஒட்டியிருக்கும். எனாமல் என்பது உலோகத்தின் மேல் உருக்கிய கண்ணாடி, விரிசலோ பெயர்ந்த இடமோ இல்லாவிட்டால் எண்ணெய் தாராளமாகப் போடலாம், தீயில் மட்டும் காட்டாதீர்கள், தெறித்துவிடக்கூடும். மரப்பெட்டிக்கு மேலே சொன்ன கதவு விதிதான். தங்க ரேக் ஒட்டிய தஞ்சாவூர்ப் படம் என்றால் ஸ்டிக்கரை அப்படியே விட்டுவிடுங்கள். கண்ணாடிச் சட்டத்தின் மேல் மட்டும் ஒட்டியிருந்தால் கடைக்காரரையே எடுத்துத் தரச் சொல்லலாம்.

ஊரில் சிக்ரி மாதிரி ஒரு மின்வேதியியல் ஆராய்ச்சி நிலையம் 1953-இலிருந்து இருக்கிறது என்பதற்காக காரைக்குடிக்காரர்கள் எல்லாரும் வேதியியல் படித்திருப்போம் என்று வெளியூர்க்காரர்கள் நினைத்துக்கொள்கிறார்கள். நான் படித்தது வணிகவியல். இதில் நான் எழுதியதெல்லாம் நாலு நாள் மண்டியிட்டதிலும் பலாப்பழம் வெட்டியதிலும் வந்தது, அதனால் உங்கள் வீட்டுத் தரையில் செய்து பார்க்கும் முன் ஒரு மூலையில் தடவிப் பாருங்கள்.

அடுத்த மாசி மாதம் தங்கை பெண்ணுக்குக் காதுகுத்து வைத்திருக்கிறோம், அதே வீட்டில். அலங்காரத்துக்கு வருகிறவர்களிடம் இந்த முறை முன்கூட்டியே பேசிவிட்டேன். துணி டேப் கண்ணில் படக்கூடாது. ஒயரைச் சுவர் ஓரமாக விட்டு மேலே பாய் விரித்துக்கொள்ளலாம். ஒட்டியே தீரவேண்டிய இடத்தில் முதலில் பெயின்டர்கள் போடும் காகித டேப்பை ஒட்டி, அதன் மேல்தான் வேறு எதையும் ஒட்ட வேண்டும், அன்றைக்கு ராத்திரியே, பசை இளகி இறங்குவதற்குள், மடக்கி மெல்ல உரித்துவிட வேண்டும். எல்லாவற்றுக்கும் சரி சரி என்று தலையாட்டினார்கள். கம்பி நார் பட்ட அந்த உள்ளங்கை அகல இடத்தில் இப்போதைக்குப் பெரியம்மா ஒரு குத்துவிளக்கைக் கொண்டுவந்து வைத்திருக்கிறார். வளவின் நட்டநடுவில் எதற்கு விளக்கு என்று வருகிறவர்கள் கேட்டால், வாஸ்து என்கிறார்.